இரண்டாவது ஆட்டக்காரர்

கீறல் விழுந்த குறுந்தகட்டில் பற்பசையைத் தடவி, நடுவிலிருந்து விளிம்பு நோக்கி நேர்கோடாகத் துடைத்தால் பத்தில் ஆறு தகடுகள் மறுபடி ஓடும். வட்டமாகத் துடைக்கக் கூடாது. பெரும்பாலானவர்கள் வட்டமாகத்தான் துடைக்கிறார்கள்.

முதலிலிருந்து சொல்லச் சொன்னீர்கள். முதலில் வந்தது அந்தத் தகடுதான். பாக் சுபார்ஜோ அதைத் தன் பழைய வீடியோ விளையாட்டுக் கருவியோடு சேர்த்து ஒரு துண்டில் சுற்றி, மழையில் நனையாமல் மார்போடு அணைத்துக்கொண்டு வந்தார். மாலாங்கில் எங்கள் குடியிருப்பு ஆற்றுச் சரிவில் இருப்பது உங்களுக்குத் தெரியும். அவர் வீடு மேலே, என் வீடு அதற்கு நேர் பின்னால் கீழே. நடுவில் நாற்பது படிகள். என் கொல்லைக் கதவைத் திறந்தால் அவர் வீட்டுச் சமையலறை ஜன்னல் தெரியும்.

முப்பது வருஷம் டவுனில் வேன் ஓட்டியவர். வயது அறுபத்தேழு. மனைவி இறந்துவிட்டார். ஒரே மகன் டானாங், பாத்தாம் தீவில் கப்பல் கட்டும் பட்டறையில் வெல்டர். தன்னைவிட ஒன்பது வயது மூத்த, விவாகரத்தான பெண்ணை அவன் கட்டிக்கொண்டதில் இருவருக்கும் பேச்சு நின்று அப்போது நாலு வருஷம் ஆகியிருந்தது.

நான் கணினியும் பிரிண்டரும் பழுது பார்ப்பவன். என் மனைவி எண்டா கெடிரியில் அவள் அக்கா வீட்டுக்குப் போய் ஒன்பது வருஷம் ஆகிறது. பிள்ளைகள் இல்லை. அனுதாபத்துக்காகச் சொல்லவில்லை. படிவத்தில் நீங்கள் எழுத வேண்டியிருக்கும்.

"குன், இது ஓடுமா?" என்று கேட்டார். எல்லோரும் என்னைக் குன்தோரோ என்று முழுதாகக் கூப்பிடுவார்கள். அவர் மட்டும் குன். நான் அவரை மரியாதையாகப் பாக் என்பேன்.

"பொட்டி போயிடுச்சு பாக். தகட்டைப் படிக்கிற கண்ணு அவிஞ்சுபோச்சு. தகட்டைப் பாக்கலாம்."

"வண்டி போயிடுச்சு, சாவி மட்டும் நல்லாருக்குங்கற."

"கம்ப்யூட்டர்ல ஓட்டலாம் பாக். எமுலேட்டர்னு ஒண்ணு இருக்கு. கம்ப்யூட்டரை இந்தப் பொட்டி மாதிரியே நடிக்க வைக்கும். தகட்டுக்கு வித்தியாசமே தெரியாது."

"தகடு அவ்வளவு ஏமாளியா?"

"ஆமா பாக்."

அவர் சிரித்தார். முன்பல் ஒன்று இல்லாத சிரிப்பு. என் வீட்டில் யாரோ சிரித்து நெடுநாள் ஆகியிருந்தது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

அதை அமைக்க ஒரு வாரம் ஆயிற்று. ஓர் அலுவலகம் கழித்துவிட்ட கணினியை அவர் வீட்டு முன்னறையில் வைத்தேன். எமுலேட்டரை ஏற்றினால் மட்டும் போதாது. பழைய கருவியின் உள்ளே அது முழித்துக்கொள்ளும்போது படிக்கும் ஒரு சின்னக் கோப்பு இருக்கிறது. அது இல்லாவிட்டால் திரை கறுப்பாகவே நிற்கும். அதை எடுத்தேன். தகட்டைப் படியெடுத்தேன். அவர் கையில் பழகிய பழைய கைப்பிடியே வேண்டும் என்றார், அதற்கு ஓர் இணைப்பு வாங்கினேன். பொத்தான்களை ஒவ்வொன்றாக அழுத்தச் சொல்லி, எது பாஸ், எது ஷூட் என்று கணினிக்குக் கற்றுக்கொடுத்தேன். முதலில் சத்தம் படத்துக்குப் பின்னால் ஓடியது. பந்து வலைக்குள் போய் நின்ற பிறகு உதைக்கும் சத்தம் வந்தது. "என் முழங்கால் மாதிரி" என்றார்.

கடைசியாக ஞாபக அட்டை. விளையாடியவர்கள் சேமித்ததெல்லாம் அதில்தான் இருக்கும். பதினெட்டு வருஷம் பழசு. அதைப் படிக்கும் கருவி கிடைக்கச் சுராபாயாவரை போனேன். உள்ளே ஒரு கால்பந்து அணி இருந்தது. டானாங் பன்னிரண்டு வயதில் உண்டாக்கியது. ஆட்டக்காரர்களுக்கெல்லாம் எங்கள் குடியிருப்பு ஆட்களின் பெயர். சூப் கடை லாஸ்த்ரி அக்காள் இடது பின்களம். கோல்கீப்பரின் பெயர் சுமியாத்தி. அது டானாங்கின் அம்மா.

பாக் சுபார்ஜோ பந்தைப் பிடித்ததும் பின்னால் கோல்கீப்பருக்கே அனுப்புவார். முன்னால் யாரும் மறிக்காமல் இருக்கும்போதும் அப்படித்தான். "அவகிட்ட இருந்தா பத்திரமா இருக்கும்" என்பார். ஆட்டம் ஜெயிக்கும் வழி அதுவல்ல.

இணையம் வழியாக இரண்டு ஊர்களிலிருந்து ஆடலாம் என்று சொன்னது நான்தான். பாக் சுபார்ஜோவிடம் போன் கிடையாது. டானாங்கின் எண் குடியிருப்பிலேயே என் ஒருவனிடம்தான் இருந்தது. ஊரைவிட்டுப் போன அன்று, "அப்பாவுக்கு ஏதாவதுன்னா நீங்க சொல்லுங்கண்ணே" என்று எழுதிக் கொடுத்துப் போயிருந்தான். கூப்பிட்டேன். விஷயத்தைச் சொன்னேன்.

"பேச வேணாம்ணே. பேசினா சண்டைதான் வரும். ஆடலாம். ஆடினா போதும்."

அவன் பக்கத்திலும் எல்லாவற்றையும் போனிலேயே சொல்லி அமைத்தேன். முகம் தெரியாது, குரல் கேட்காது. திரைக்குக் கீழே ஒரு வரி எழுத மட்டும் இடம். முதல் ஞாயிறு மதியம் இருவரும் இணைந்தார்கள். முதல் பாதி முழுக்க யாரும் எதுவும் எழுதவில்லை. இடைவேளையில் பாக் சுபார்ஜோ ஒற்றை விரலால் தட்டினார்: "கோல்கீப்பர் யாருன்னு பாத்தியா லே". மகனை அவர் லே என்றுதான் கூப்பிடுவார். பதில் வர மூன்று நிமிஷம் ஆயிற்று. "பாத்தேம்பா."

ஐந்து ஞாயிறு அப்படிப் போனது. நான் அவர் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்காருவேன். வறுத்த தெம்பே சோயாத் துண்டுகளும் சர்க்கரை அதிகம் போட்ட தேநீரும் இருக்கும். கோல் விழுந்தால் என் தொடையில் அடிப்பார். வாரத்தில் மற்ற ஆறு நாளும் நான் அந்த அடிக்காகக் காத்திருந்தேன் என்று சொன்னால் அது மிகையில்லை.

ஐந்தாவது ஞாயிறு டானாங் எழுதினான்: "அப்பா பாத்தாம் வந்துடுங்க. ரூம் இருக்கு. ரோஹானியும் சொல்றா." ரோஹானி அந்தப் பெண்.

அவர் பதில் எழுதவில்லை. கணினியை அணைத்துவிட்டு என்னிடம் கேட்டார்.

"பாத்தாம்ல குளிருமா குன்?"

"வெயில்தான் பாக்."

"அப்ப ஸ்வெட்டர் வேண்டாம்."

அவ்வளவுதான் சொன்னார். நான் படியிறங்கி வீட்டுக்கு வந்தேன். அவர் போய்விட்டால் வரப்போகும், அந்த வீட்டு ஜன்னலில் விளக்கில்லாத மாலைகளை எண்ணிப் பார்த்தேன். எத்தனை என்று ஒரு முடிவு இல்லாததால் எண்ணுவதை விட்டுவிட்டேன்.

மறுநாள் பாக் சுபார்ஜோவிடம், டானாங்கின் வேலை நேரம் மாறிவிட்டது, இனி சனிக்கிழமை மதியம்தான் ஆட முடியும், பாத்தாம் போவதைப் பற்றி அவனே பிறகு சொல்வான் என்றேன். அவர் திரையில் டானாங் என்று பெயர் போட்டு ஒரு படம் வைத்திருந்தேன். அதைத் தட்டினால் இணைப்பு போகும். அதன் பின்னாலிருந்த முகவரியில் சில எண்களை மாற்றினேன். ஒரு நிமிஷ வேலை. இப்போது தட்டினால் என் வீட்டுக் கணினிக்கு வரும். டானாங்கிடம், பாத்தாம் வருவதைப் பற்றி அப்பா யோசிக்கிறார், அவருடைய முகவரி மாறிவிட்டது என்று புதியதைக் கொடுத்தேன். அதுவும் என் கணினிதான். உங்கள் இடத்தில் இருந்தால் நானும் இதைத் திட்டமிட்ட செயல் என்றுதான் எழுதுவேன். ஆனால் எனக்கு அது நாற்காலியைச் சற்று நகர்த்திப் போட்டுக்கொண்டது போலத்தான் இருந்தது.

சனிக்கிழமை நான் மகன். ஞாயிற்றுக்கிழமை நான் அப்பா.

கஷ்டமாக இல்லை. ஐந்து ஞாயிறு பார்த்திருந்தேனே. டானாங் எப்போதும் இடது ஓரமாக ஓடி, கடைசி நொடியில் உள்ளே வெட்டுவான். அப்பா பந்தைப் பின்னால் அனுப்புவார், ஒற்றை விரலால் எழுதுவார், புள்ளி வைக்க மாட்டார். சனிக்கிழமைகளில் பெரும்பாலும் ஒரு கோல் வித்தியாசத்தில் தோற்றேன். ஞாயிற்றுக்கிழமைகளில் ஒவ்வொரு பந்தையும் சுமியாத்திக்கு அனுப்பினேன். "அப்பா மாறவே மாட்டீங்களா" என்று அவன் எழுதுவான். "மாட்டேன் லே" என்று எழுதுவேன். அதை எழுதிவிட்டு, அவன் அடுத்த வரி எழுதும்வரை திரையையே பார்த்துக்கொண்டிருப்பேன். நடிப்பவன் அப்படிக் காத்திருக்க மாட்டான் என்று நினைக்கிறேன்.

நான் பொய் சொன்னேன் என்கிறீர்கள். பெரும்பாலும் ஒருவர் எழுதியதைத்தான் மற்றவருக்கு எழுதினேன். ஒரு சனிக்கிழமை பாக் சுபார்ஜோ எழுதினார்: "அந்தப் பொண்ணு மேல கோவம் எல்லாம் போச்சு லே கூட்டிட்டு வா". மறுநாள் அதை அப்படியே டானாங்குக்கு எழுதினேன். கடைசி இரண்டு சொற்களை மட்டும் விட்டுவிட்டேன். டானாங் அன்றைக்கு ஆட்டத்தை நடுவில் நிறுத்திவிட்டான். அழுகிறேன் என்று எழுதினான். அடுத்த சனிக்கிழமை அதை அப்பாவிடம் சேர்த்தேன். வா என்பதையும் வருகிறேன் என்பதையும் தவிர, அவர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்ட எல்லாம் போய்ச் சேர்ந்தது. பத்து மாதம் அப்பனும் மகனும் ஒரு சண்டையும் போடவில்லை. நேரில் இருந்திருந்தால் போட்டிருப்பார்கள்.

சனிக்கிழமைகளில் அவர் பக்கத்தில் உட்கார முடியவில்லை என்பதுதான் எனக்கிருந்த ஒரே குறை. கடையில் வேலை என்று சொல்லியிருந்தேன். "நீ இல்லாம ஆடறது ஒரு மாதிரியா இருக்கு குன்" என்பார்.

அப்புறம் அவருக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. படியேறும்போது இரண்டு இடத்தில் நின்றார். பெரிய ஆஸ்பத்திரியில் பார்த்துவிட்டு, இதயத்து ரத்தக் குழாயில் அடைப்பு, வளையம் வைக்க வேண்டும், சீக்கிரம் செய்வது நல்லது, வீட்டு ஆள் ஒருவர் வந்து கையெழுத்துப் போடட்டும் என்றார்கள். இதை அவர் என்னிடம் சொல்லவில்லை. மகனிடம் எழுதினார். சனிக்கிழமை, இடைவேளையில்.

"டாக்டர் வளையம் வைக்கணும்ங்கறார் உன் கையெழுத்து வேணுமாம் லே"

டானாங்கிடம் சொன்னால் அடுத்த விமானத்தில் வந்துவிடுவான். வந்தால், போன சனிக்கிழமை என்ன ஆட்டம் என்று இருவரும் பேசுவார்கள். நான் யோசித்தேன். அவசரப்படவில்லை.

"பொறுங்கப்பா" என்று எழுதினேன். "லெபாரான் நோன்புப் பெருநாளுக்கு லீவு போட்டிருக்கேன். நானே வந்து கூட்டிட்டுப் போறேன். நான் வராம யாரையும் கை வைக்க விடாதீங்க."

பிறகு வந்தது: "சரி லே வர்றேன்னு சொன்னதே போதும்".

மறுநாள் காலை கொல்லைப்புறத்தில் என்னைப் பார்த்ததும் மேலிருந்தே சொன்னார். "பையன் பெருநாளுக்கு வர்றான் குன். ஆஸ்பத்திரிக்காரங்ககிட்ட சொல்லிடப் போறேன், என் மகன் வந்துதான் எல்லாம்னு." அப்படி ஒரு முகத்தை நான் அவரிடம் அதற்கு முன் பார்த்ததில்லை. அந்த முகத்தைக் கொடுத்தது யார் என்று நீங்கள் ஒருமுறையாவது யோசிக்க வேண்டும்.

ஏழு வாரம் அவர் காத்திருந்தார். முன்னறைக்குச் சுண்ணாம்பு அடித்தார், ஒரு நாளைக்கு ஒரு சுவராக, மூச்சு வாங்க வாங்க. நான் ஏணியைப் பிடித்துக்கொண்டேன்.

நோன்பு தொடங்க நான்கு நாள் இருந்தது. சனிக்கிழமை. லாஸ்த்ரி அக்காள் நாலு மணிக்கு அவருக்குக் கறுப்பு மாட்டிறைச்சி சூப் எடுத்துக்கொண்டு போனார். அக்காள் போட்ட சத்தம் கீழே எனக்குக் கேட்டது. மற்றவர்களோடு நானும் ஓடினேன். நாற்காலியிலிருந்து சரிந்து கிடந்தார். ஆட்கள் அவரைத் தூக்கும்போது நான் கணினியை அணைத்தேன். யாரும் கவனிக்கவில்லை.

குடியிருப்புத் தலைவர், "பையனுக்கு யார் சொல்றது?" என்றார். நான் சொல்கிறேன் என்றேன். வீட்டுக்குப் பின்னால் போய் போனைக் காதில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் பேசினேன். மறுமுனையில் யாரும் இல்லை. திரும்பி வந்து, அவனுக்கு லீவு கிடைக்கவில்லையாம், அழுகிறான், அடக்கம் பண்ணிவிடச் சொல்கிறான் என்றேன்.

"பெத்த அப்பனுக்கு மண்ணு போட வரல, இவனெல்லாம் ஒரு புள்ளை" என்றார் லாஸ்த்ரி அக்காள். அன்று மாலையே அடக்கம் ஆயிற்று. குழியில் இறங்கி அவரை வாங்கிக் கிடத்தியவர்களில் நானும் ஒருவன். மகன் செய்ய வேண்டியது அது.

மறுநாள் ஞாயிறு. இரண்டு மணிக்கு டானாங் இணைப்பில் வந்தான். "அப்பா?" என்று எழுதினான். "இருக்கேன் லே" என்று எழுதினேன்.

ஏன் சொல்லவில்லை என்று நீங்கள் மூன்று தடவை கேட்டுவிட்டீர்கள். அவன் எழுதியதற்கு அந்தப் பதில்தான் இருந்தது. அப்பா செத்துவிட்டார் என்று அப்பாவே எப்படி எழுத முடியும்? அடுத்த வாரம் சொல்லலாம் என்று நினைத்தேன். அடுத்த வாரம் ரோஹானி முழுகாமல் இருக்கிறாள், நான்காம் மாதம், டாக்டர் விமானத்தில் ஏறக் கூடாது என்கிறார், பெருநாளுக்கு வர முடியாது, மன்னித்துவிடுங்கள் என்று எழுதினான். அவ்வளவு சந்தோஷத்தில் இருப்பவனிடம் எப்படிச் சொல்வது? "அவளைப் பாத்துக்கோ" என்று எழுதினேன்.

குழந்தை பிறந்தது. பெண். "பேர் நீங்கதான் வைக்கணும்ப்பா" என்றான். எண்டாவும் நானும் ஒரு காலத்தில் ஒரு பெயரை எடுத்து வைத்திருந்தோம். அரும்தாலு. அதைக் கொடுத்தேன். அவனுக்குப் பிடித்திருந்தது. அந்தக் குழந்தை இப்போதும் அந்தப் பெயரில்தான் இருக்கிறது. மாற்ற வேண்டாம் என்று அவனிடம் சொல்லுங்கள்.

போன செவ்வாய்க்கிழமை மதியம் நான் லாஸ்த்ரி அக்காளின் கடையில் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். ஒரு கார் வந்து நின்றது. டானாங் இறங்கினான், பின்னால் குழந்தையோடு ஒரு பெண். பூட்டியிருந்த வீட்டைப் பார்த்துவிட்டு எங்களிடம் வந்தான்.

"அக்கா, அப்பா எங்க போயிருக்காரு? சொல்லாம வந்தேன், ஆச்சரியப்படட்டும்னு."

லாஸ்த்ரி அக்காளின் கையில் இருந்த கரண்டி அந்தரத்தில் நின்றது.

"ஏண்டா, குடிச்சிருக்கியா? கேலி பண்ற நேரமா இது?"

"என்னக்கா?"

"மண்ணுக்குள்ள போட்டு எட்டு மாசம் ஆச்சுடா உங்கப்பனை. ஒரு கைப்பிடி மண்ணு போட வராதவன், இப்ப வந்து எங்க போயிருக்காருன்னு கேக்கற."

அவன் சிரிக்கப் பார்த்தான். "முந்தாநாள்கூட என்கூட ஆடினாரேக்கா" என்றான். "ரெண்டுக்கு ஒண்ணு. நான்தான் தோத்தேன்."

பிறகு என் பக்கம் திரும்பினான். "அண்ணே, நீங்க சொல்லுங்கண்ணே." நான் கிண்ணத்தில் மிச்சமிருந்த சோற்றைச் சாப்பிட்டு முடித்தேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை. அந்தப் பெண் குழந்தையின் தலையைத் துணியால் மூடினாள். வெயில் அவ்வளவு இல்லை.

மேலே இருந்த கணினியை உங்கள் ஆட்கள் திறந்துவிட்டார்கள் என்று காலையில் சொன்னீர்கள். நாங்கள் எழுதிய ஒவ்வொரு வரியையும் எமுலேட்டர் நேரத்தோடு வைத்திருக்கும். அதை அழித்திருக்கலாம். எனக்கு அது தெரியும், வழியும் தெரியும். அதில் அவருடைய வரிகள் இருந்தன, அழிக்க மனம் வரவில்லை. ஆகவே அவர் செத்த அந்தச் சனிக்கிழமையைப் பற்றி நான் விட்டதையும் சொல்லிவிடுகிறேன்.

இரண்டாம் பாதி ஆடிக்கொண்டிருந்தோம். அவருடைய ஆள் ஒருவன் பந்தில்லாமல் ஓட ஆரம்பித்தான். மைதானத்தின் எல்லைக் கோடுவரை ஓடி, அதற்கு மேல் போக முடியாமல் அங்கேயே ஓடிக்கொண்டிருந்தான். பொத்தான் அழுந்தியபடியே இருந்தது என்று அர்த்தம். மணி 2.41க்கு ஒரு வரி வந்தது. "லே". நான் "இருக்கேம்பா" என்று எழுதினேன். 2.44: "நெஞ்சு". 2.47: "குன்னுக்கு போன் போடு".

நான் எழுந்து ஓடியிருந்தால் யாரும் என்னைச் சந்தேகப்பட்டிருக்க மாட்டார்கள். மகன் போன் செய்தான் என்று சொல்ல அவரே வழி கொடுத்திருந்தார். நாற்பது படி. அதை அப்போதே நினைத்தேன். ஆனால் நான் எழுந்தால் அவருடைய திரையில் டானாங் பதில் சொல்லாமல் போய்விடுவான். ஆஸ்பத்திரியில் கையெழுத்துக்கு உண்மையான டானாங் வருவான். அதையும் நினைத்தேன். இரண்டையும் நினைத்துவிட்டு உட்கார்ந்திருந்தேன். கொல்லைக் கதவு திறந்துதான் இருந்தது. அவருடைய ஜன்னல் தெரிந்தது.

"போட்டுட்டேம்பா, குன் அண்ணன் வந்துட்டு இருக்காரு" என்று எழுதினேன். பதில் இல்லை. "நான் எங்கயும் போகலப்பா" என்று எழுதினேன். கோட்டில் ஓடிக்கொண்டிருந்தவன் 2.58க்கு நின்றான். அதுவரைக்கும் எழுதிக்கொண்டே இருந்தேன், மொத்தம் பதினேழு வரிகள், நீங்கள் எண்ணிப் பார்க்கலாம்.

ஆமாம், நான்தான் அவரைச் சாக விட்டேன். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அப்பா தனியாகக் கிடந்து செத்தார் என்று டானாங் வெளியே சொல்லிக்கொண்டிருக்கிறானாம். அது தப்பு. அதை மட்டும் அவனிடம் சொல்லுங்கள். அவர் தனியாக இல்லை. கடைசிவரைக்கும் மகன் கூடவே இருந்தான்.